‘நம் எல்லோருக்கும் தாய்’

திரைப்படம் எடுக்கும் இடங்களில் இயக்குநருக்கென்று தனியே ஒரு நாற்காலி போடப்பட்டிருக்கும். அதன் முதுகுத் துணியில் அவருடைய பெயரைக் கொட்டை எழுத்துகளில் பொறித்திருப்பார்கள். அந்த நாற்காலியில் வேறு எவரும் அமர்வதில்லை. ஹாலிவுட்டில் ஓர் இயக்குநரின் நாற்காலியில் மட்டும் பெயருக்குப் பதிலாக, ‘நம் எல்லோருக்கும் தாய்’ என்னும் சொற்கள் காணப்பட்டன. அந்த நாற்காலிக்கு உரியவர் இலண்டனில் பிறந்து, நடிகையாக உலகுக்கு அறிமுகமாகி, கதை எழுதி, படங்களை இயக்கிய ஐடா லுப்பினோ என்னும் பெண்மணி.

திரைப்படம் என்றதுமே நம் இல்லங்களில் இரண்டு குரல்கள் எழுவதை நாம் அறிவோம். பிள்ளைகள் ஆவலோடு ஒன்று சொல்வார்கள். பெரியவர்கள் அச்சத்தோடு வேறொன்று சொல்வார்கள். இரண்டு குரலிலும் உண்மை இருக்கிறது. திரையில் தோன்றுவது மனிதனைத் தாழ்த்தவும் கூடும், உயர்த்தவும் கூடும். பாப்பரசர் பதினோராம் பத்திநாதர் 1936-ஆம் ஆண்டில் திரைப்படங்களைக் குறித்து ஒரு சுற்றுமடலே எழுதினார் என்றால், இந்தக் கலையின் வலிமையைத் திருச்சபை எவ்வளவு கருத்தோடு நோக்கியது என்பது விளங்கும். அவ்வாறிருக்க, பிறர் பேசத் தயங்கிய துயரங்களைக் கண்ணியம் குன்றாமல் திரையில் பேசிய ஒரு பெண்ணின் வரலாற்றை நாம் அறிந்துகொள்வது வீண்போகாது.

கலைக்குடும்பத்தின் மகள்

ஐடா 1918-ஆம் ஆண்டு பிப்ரவரி 4-ஆம் நாள் தென் இலண்டனில் பிறந்தார். தந்தை ஸ்டான்லி லுப்பினோ அக்காலத்து இங்கிலாந்து மக்களைச் சிரிக்கவைத்த நகைச்சுவை நடிகர். தாய் கோனி எமரால்டும் மேடை நடிகையே. இத்தாலியிலிருந்து வந்ததாகச் சொல்லப்படும் லுப்பினோ குடும்பத்தார், தலைமுறை தலைமுறையாகப் பாடியும் ஆடியும் கழைக்கூத்து காட்டியும் பிழைத்தவர்கள். தச்சன் மகன் உளியோடு வளர்வதுபோல் ஐடாவும் அவருடைய தங்கை ரீட்டாவும் மேடையோடு வளர்ந்தார்கள். வீட்டுத் தோட்டத்திலேயே பிள்ளைகள் நடித்துப் பழகத் தந்தை ஒரு சிறு அரங்கை அமைத்துக் கொடுத்தாராம்.

இளம் வயதிலேயே இலண்டன் அரச நாடகக் கலைக்கழகத்தில் ஐடா பயின்றார். 1932-ஆம் ஆண்டில் நடந்த ஒரு நிகழ்ச்சி அவருடைய வாழ்வின் போக்கை முடிவுசெய்தது. ஆலன் டுவான் என்னும் இயக்குநர் ஒரு படத்துக்கு நடிகையைத் தேடிக்கொண்டிருந்தார். வாய்ப்புக் கேட்டுச் சென்றவர் தாய் கோனி. உடன் சென்றவர் மகள். இயக்குநரோ தாயை விடுத்து மகளைத் தேர்ந்தெடுத்தார். அப்போது ஐடாவுக்கு வயது 14. அந்த வயதுக்குச் சற்றும் பொருந்தாத வேடம் அது. ஓடி விளையாட வேண்டிய பருவத்தில் ஒரு சிறுமிக்கு வளர்ந்த பெண்ணின் முகப்பூச்சைப் பூசினார்கள். பிற்காலத்தில், பிள்ளைகளின் திறமையைப் பெரியவர்கள் தங்கள் ஆசைக்குப் பயன்படுத்திக்கொள்வதைக் குறித்து அவர் படம் எடுத்தபோது, அந்தப் பொருள் அவருக்குப் புதிதாக இருந்திருக்க முடியாது.

1933-ஆம் ஆண்டில் பாரமவுண்ட் நிறுவனம் அவரை அமெரிக்காவுக்கு அழைத்தது. அன்னையோடு கப்பலேறிய 15 வயதுச் சிறுமியின் தலைமுடிக்கு வெளிர்பொன் நிறம் ஏற்றி, புருவத்தை மழித்து, அழகுப் பதுமையாக நிறுத்தினார்கள். முகம் விலைபோயிற்று. உள்ளே இருந்த அறிவைக் கேட்பார் இல்லை.

நோய் கற்பித்த பாடம்

1934-ஆம் ஆண்டில் லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் இளம்பிள்ளை வாதம் பரவியது. ஐடாவும் அதற்கு ஆளானார். கையும் காலும் அசையுமோ அசையாதோ என்ற அச்சம் அவரை வாட்டியது. நடிப்பையே தொழிலாகக் கொண்ட ஒரு பெண்ணுக்கு, அதிலும் 16 வயதில், இதைவிடக் கொடிய சோதனை வேறென்ன இருக்க முடியும்?

நல்வாய்ப்பாக அவர் குணமடைந்தார். ஆனால் படுக்கையில் கிடந்த நாள்களில் ஒன்றை உணர்ந்துகொண்டதாகப் பிற்காலத்தில் அவர் நினைவுகூர்ந்தார். தம்முடைய நம்பிக்கையும் துணிவும் உடலில் இல்லை. உடல் முடங்கினாலும் மூளை உழைக்கும். நடிக்க இயலாமற்போனால் எழுதலாம் என்பதே அந்த உணர்வு. அதன்பின் அவர் எழுதவும் இசையமைக்கவும் முற்பட்டார். அவர் இயற்றிய ‘அலாதீன்’ என்னும் இசைக்கோவையை லாஸ் ஏஞ்சலிஸ் பில்ஹார்மோனிக் இசைக்குழுவே அரங்கேற்றியது.

அழகுப் பதுமை வேடங்கள் அவருக்குச் சலித்துவிட்டன. 1939-இல் கிப்ளிங்கின் நாவல் ஒன்றைப் படமாக்க முனைந்திருந்தார் இயக்குநர் வில்லியம் வெல்மன். ஐடா அழைப்பின்றியே அவருடைய அலுவலகத்துக்குள் நுழைந்து, அதில் வரும் எளிய இலண்டன் பெண்ணின் வேடத்தைத் தமக்கே தரவேண்டும் என்று அங்கேயே நடித்துக் காட்டினார். வேடம் கிடைத்தது, அவருடைய நடிப்புத் திறனை முதன்முறையாக உலகம் கண்டது.

அதன்பின் வார்னர் சகோதரர்கள் நிறுவனத்தில் சேர்ந்தார். 1941-இல் ‘ஹை சியரா’ படத்தில் ஹம்ஃப்ரி போகார்ட்டுடன் நடித்தார். தங்கையின் புகழேணியைத் தாமே ஏற முயலும் அக்காளாக ‘தி ஹார்டு வே’ படத்தில் நடித்ததற்காக, 1943-ஆம் ஆண்டின் சிறந்த நடிகைக்கான நியூயார்க் திரை விமர்சகர் வட்டத்தின் விருதைப் பெற்றார்.

சும்மா இருந்த நாள்களில் கற்றது

அந்நாளைய ஹாலிவுட் நிறுவனங்களில் நடிகர்கள் ஒப்பந்த அடிமைகள் போன்றே இருந்தார்கள். கொடுத்த வேடத்தை மறுத்தால் சம்பளமின்றி இடைநீக்கம் செய்வார்கள். ஐடா மதிப்பற்ற வேடங்களை மறுத்தார்; அதனால் பலமுறை இடைநீக்கத்துக்கு ஆளானார். அதே நிறுவனத்தில் பெட்டி டேவிஸ் என்னும் பெரும் நடிகை இருந்தார். அவர் வேண்டாமென்று ஒதுக்கிய வேடங்களே தம்மிடம் வருவதைக் கண்ட ஐடா, தம்மை ஏழையின் பெட்டி டேவிஸ் என்று கூறிச் சிரித்துக்கொள்வாராம்.

வேலையின்றி இருந்த அந்த நாள்களை அவர் வீணாக்கவில்லை. படப்பிடிப்பு நடக்கும் இடங்களுக்குச் சென்று ஓர் ஓரமாக நிற்பார். காமிராவை எங்கே வைக்கிறார்கள், விளக்கை எவ்வாறு அமைக்கிறார்கள், எடுத்த துண்டுகளை எவ்வாறு கோக்கிறார்கள் என்று பார்ப்பார், கேட்பார். தண்டனையாகக் கிடைத்த ஓய்வு பள்ளிக்கூடமாயிற்று. 1947-ஆம் ஆண்டில் வார்னர் நிறுவனத்தை விட்டு அவர் வெளியேறியபோது, நடிகையாக மட்டும் வெளியேறவில்லை.

1948-இல் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார். அவ்வாண்டிலேயே காலியர் யங் என்பவரை மணந்தார். அவரோடும் வேறு நண்பர்களோடும் சேர்ந்து சொந்தமாகப் படக்கம்பெனி ஒன்றைத் தொடங்கினார். அந்தக் கம்பெனிக்குத் தம் அன்னையின் பெயரான ‘எமரால்டு’ என்பதையே சூட்டினார். அன்று தாய் கேட்ட வேடத்தைத் தாம் பெற்றுக்கொண்ட மகள், இன்று தாம் கட்டிய வீட்டின் வாசலில் தாயின் பெயரை எழுதினார் என்று நாம் கருதினால் அது மிகையாகாது.

மணமாகாத ஒரு தாயின் கதை

1949-இல் அவர்கள் எடுத்த முதல் படத்தின் பெயர் ‘நாட் வாண்டட்’. ‘வேண்டப்படாதது’ என்று பொருள். பால் ஜாரிக்கோ என்பவரோடு சேர்ந்து ஐடா அதன் திரைக்கதையை எழுதினார். இயக்கும் பொறுப்பு எல்மர் கிளிஃப்டன் என்னும் முதியவரிடம் இருந்தது. படப்பிடிப்பு தொடங்கிய சில நாள்களிலேயே அவர் மாரடைப்பால் விழுந்தார். வேறோர் இயக்குநரை அமர்த்தப் பணமில்லை. ஐடாவே பொறுப்பை ஏற்றார், படத்தை முடித்தார். ஆயினும் இயக்குநர் என்று கிளிஃப்டனின் பெயரே திரையில் வந்தது. நோயுற்ற முதியவருக்கு உரிய மதிப்பை அவரிடமிருந்து பறிக்க ஐடா விரும்பவில்லை.

கதை எளியது. உணவுக்கடையில் பணிபுரியும் சாலி என்னும் இளம்பெண், ஒரு பியானோ கலைஞனிடம் மனத்தைப் பறிகொடுக்கிறாள். வீட்டில் அன்பான சொல் கிடைக்காத பெண் அவள். அவன் அவளைக் கைவிட்டுத் தூரதேசம் செல்கிறான். தான் கருவுற்றிருப்பதை அவள் உணர்கிறாள். மணமாகாத தாய்மார்களுக்கான இல்லம் ஒன்றில் சேர்ந்து, குழந்தையைப் பெற்று, அதன் நலத்துக்காகவே பிறருக்குத் தத்துக் கொடுக்கிறாள். பின்னர் ஏக்கம் தாளாமல், தெருவில் தள்ளுவண்டியில் கிடந்த யாரோ ஒருவரின் குழந்தையை வாரி எடுத்துவிடுகிறாள். காவலர்கள் அவளைப் பிடித்துச் செல்கிறார்கள். போரில் ஒரு காலை இழந்த இளைஞன் ஒருவனே இறுதியில் அவளுக்கு ஆதரவாக நிற்கிறான்.

இத்தகைய கதையை எடுப்பது அந்நாளில் எளிதன்று. அமெரிக்கத் திரைப்படங்களுக்கு 1930-இல் ஓர் ஒழுக்கவிதித் தொகுப்பு உருவாயிற்று. அதை எழுதியதில் இயேசு சபைக் குருவான டேனியல் லார்டு அடிகளாருக்கு முதன்மையான பங்குண்டு. 1934 முதல் அதைக் கண்டிப்புடன் நடைமுறைப்படுத்தியவர் ஜோசப் பிரீன் என்னும் கத்தோலிக்கர். மணமாகாத தாய்மையைக் கதைப்பொருளாக்குவது அந்த அலுவலகத்தாருக்குக் கவலையளித்தது. ஐடா அவர்களோடு சண்டையிடவில்லை. கதையை முன்கூட்டியே அவர்களிடம் கொண்டுசென்று, பேசி, மாற்றச் சொன்னவற்றில் மாற்றத்தக்கவற்றை மாற்றி, சொல்லவேண்டியதை மட்டும் விட்டுக்கொடுக்காமல் படமெடுத்தார். பாவத்தை அழகாகக் காட்டவில்லை. பாவியை அருவருப்பாகவும் காட்டவில்லை. குழந்தையைச் சுமந்த பெண்ணின் தனிமையை மட்டுமே காட்டினார்.

நாம் இங்கே சற்று நின்று எண்ணிப் பார்ப்போம். விபசாரத்தில் பிடிபட்ட பெண்ணை ஆண்டவர் முன் நிறுத்தியவர்கள் சட்டத்தை நன்கு அறிந்தவர்கள். ஆண்டவரும் சட்டத்தை மறுக்கவில்லை; இனிப் பாவம் செய்யாதே என்றே சொன்னார். ஆனால் முதலில் கற்கள் கீழே விழுந்தன. நம் வீட்டுப் பெண் ஒருத்தி வழிதவறினால் முதலில் நம் கைகள் தேடுவது எதை? இந்தக் கேள்வியைத்தான் அந்தச் சிறு படம் அமெரிக்கக் குடும்பங்களிடம் கேட்டது. மக்கள் அதை விரும்பிப் பார்த்தார்கள்.

பேசப்படாத துயரங்கள்

அடுத்த படம் ‘நெவர் ஃபியர்’. நடனக் கலைஞரான ஓர் இளம்பெண் இளம்பிள்ளை வாதத்தால் முடங்கி, மெல்ல மெல்ல வாழ்வுக்குத் திரும்பும் கதை. சொந்த அனுபவத்தின் வலி அதில் இருந்தது. இயக்குநர் என்று ஐடாவின் பெயர் திரையில் வந்த முதல் படமும் அதுவே. சான்டா மோனிக்காவில் அமைந்த மறுவாழ்வு மருத்துவ நிலையத்திலேயே படப்பிடிப்பு நடந்தது. அங்குச் சிகிச்சை பெற்றவர்களே படத்திலும் தோன்றினார்கள். சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே அவர்கள் குழு நடனம் ஆடும் காட்சி மறக்கவொண்ணாதது. நோய்க்குத் தடுப்பு மருந்து வெற்றிபெற்றதாக 1955-இல்தான் அறிவிக்கப்பட்டது. அதற்கு முன் அச்சத்தோடு வாழ்ந்த பெற்றோர் அந்தத் துயரத்தைத் திரையிலும் காண விரும்பவில்லை. படம் வருவாய் ஈட்டவில்லை.

பின்னர் ‘தி ஃபிலிம்மேக்கர்ஸ்’ என்னும் புதிய பெயரில் கம்பெனி இயங்கியது. 1950-இல் வெளிவந்த ‘அவுட்ரேஜ்’ அவருடைய துணிவுக்குச் சான்று. கணக்கராகப் பணிபுரியும் ஆன் என்னும் பெண், மண நிச்சயம் முடிந்து மகிழ்ச்சியோடு இருக்கிறாள். ஒருநாள் இரவு வேலை முடிந்து திரும்பும்போது ஒரு கயவனால் பாலியல் வன்கொடுமைக்கு ஆளாகிறாள். அந்தச் சொல்லைத் திரையில் உச்சரிக்கவே விதி இடம்கொடுக்கவில்லை. கொடுமையையும் ஐடா காட்டவில்லை. வெறிச்சோடிய தெருக்களில் ஓடும் பெண்ணையும், உதவிக்கு வராத ஜன்னல்களையும் காட்டினார்.

படத்தின் கருத்து அதற்குப் பின்னரே தொடங்குகிறது. மறுநாள் முதல் அண்டை வீட்டாரின் பார்வை மாறிவிடுகிறது. அவர்கள் தீயவர்கள் அல்லர், இரக்கமுள்ளவர்களே. ஆனால் அவர்கள் பார்க்கிறார்கள், தணிந்த குரலில் பேசுகிறார்கள், அவள் வந்ததும் பேச்சை நிறுத்துகிறார்கள். அந்த இரக்கமே அவளைச் சுடுகிறது. அவள் ஊரைவிட்டே ஓடுகிறாள். ஆரஞ்சுத் தோட்டங்கள் நிறைந்த ஒரு சிற்றூரில், ஒரு போதகர் அவளுக்குப் பொறுமையோடு துணைநிற்கிறார். அவர் அவளைத் துருவித் துருவிக் கேட்பதில்லை. அவளாகச் சொல்லும்வரை காத்திருக்கிறார். அவளுடைய காயம் ஆறத் தொடங்கியதும் அவளைத் தன்னோடு வைத்துக்கொள்ளாமல் வீட்டுக்கு அனுப்பிவைக்கிறார். ஆறுதல் என்றால் என்ன என்பதற்கு இதைவிடச் சிறந்த விளக்கம் தேவையில்லை. 2020-ஆம் ஆண்டில் அமெரிக்கா தன் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இப்படத்தைச் சேர்த்துப் போற்றியது.

1951-இல் எடுத்த ‘ஹார்டு, ஃபாஸ்ட் அண்ட் பியூட்டிஃபுல்’ பெற்றோர் எல்லோரும் காணத்தக்கது. டென்னிஸ் ஆட்டத்தில் திறமை மிக்க மகள். அந்தத் திறமையை ஏணியாக்கித் தான் உயர விரும்பும் தாய். மகள் வெற்றிமேல் வெற்றி பெறுகிறாள், வீடோ சிதறுகிறது. நோயுற்றுப் படுத்த தந்தை புறக்கணிக்கப்படுகிறார். இறுதியில் மகள் கோப்பையைத் தாயின் கையில் கொடுத்துவிட்டுச் செல்ல, இருண்ட ஆட்ட அரங்கின் வெற்று இருக்கைகளுக்கிடையே தாய் தனியே அமர்ந்திருக்கிறாள். பிள்ளைகள் மதிப்பெண்ணிலும் பரிசிலும் நம் நிறைவேறாத ஆசைகளைத் தேடும் பெற்றோராகிய நாம், அந்த வெற்று இருக்கைகளை அவ்வப்போது நினைத்துக்கொள்வது நல்லது.

ஆண்களின் உலகில் ஒரு பெண்

அமெரிக்கத் திரைப்பட இயக்குநர் சங்கத்தில் டாரதி ஆர்ஸ்னர் என்பவருக்கு அடுத்தபடியாக இடம்பெற்ற இரண்டாவது பெண் ஐடாவே. ஆர்ஸ்னரோ 1943-உடன் படங்களை நிறுத்திவிட்டார். ஆகவே சங்கக் கூட்டங்களில் பேசுவோர், ‘கனவான்களே, லுப்பினோ அம்மையாரே’ என்று விளித்தே பேச்சைத் தொடங்குவார்களாம். ஒரு மண்டபம் நிறைய ஆண்கள். நடுவே ஒரே ஒரு பெண்.

அவர் அதட்டி வேலை வாங்கியவர் அல்லர். காமிராக்காரரிடம், ‘இதை இவ்வாறு செய்யலாமா? எனக்குத் தெரியவில்லையே’ என்னும் தோரணையில் கேட்பார். விடை அவருக்கு முன்பே தெரியும். தாய் பிள்ளைகளிடம் வேலை வாங்குவதுபோல அன்போடு வாங்கினார். பணியாளர்களும் அவரை ‘அம்மா’ என்றே அழைத்தார்கள். நாற்காலியில் எழுதிய வாசகம் அவ்வாறு பிறந்ததே. பெண்ணுரிமை பேசிய பிற்காலத்தவர் சிலர், இவர் ஏன் இவ்வளவு பணிந்து நடந்தார் என்று குறைகூறியதுண்டு. ஆனால் அந்தப் பணிவின்றிப் படம் முடிந்திருக்குமா என்பதையும் எண்ணிப் பார்க்கவேண்டும்.

1953-இல் வெளிவந்த ‘தி ஹிட்ச்-ஹைக்கர்’ படத்தில் கதையை நடத்துவோர் யாவரும் ஆண்களே. மீன்பிடிக்கச் செல்லும் இரு நண்பர்கள், வழியில் நிற்கும் ஒருவனைக் காரில் ஏற்றிக்கொள்கிறார்கள், அவன் கொலைகாரன். அவனுடைய ஒரு கண்ணிமை மூடுவதில்லை. ஆகையால் அவன் தூங்குகிறானா விழித்திருக்கிறானா என்று அறிய இயலாமல் நண்பர்கள் தவிக்கிறார்கள். ஒருவன் மட்டும் தப்பிக்கலாம் என்னும் வாய்ப்பு வரும்போதும் நண்பனை விட்டுச்செல்ல மனம் வருவதில்லை. பில்லி குக் என்னும் உண்மையான கொலைஞனின் கதையைத் தழுவியது இது. அவனிடம் பணயமாகச் சிக்கிய இருவரையும் ஐடா சந்தித்துப் பேசி, அவர்களுடைய இசைவைப் பெற்ற பின்னரே கதையை அமைத்தார். 1998-இல் இதுவும் தேசியப் பதிவேட்டில் இடம்பெற்றது.

அதே 1953-இல் ‘தி பிகமிஸ்ட்’ படத்தை இயக்கி, அதில் தாமே நடிக்கவும் செய்தார். சான் பிரான்சிஸ்கோவில் ஒரு மனைவி, லாஸ் ஏஞ்சலிஸில் மற்றொரு மனைவி என்று வாழும் வணிகப் பயணி ஒருவனின் கதை. முதல் மனைவிக்குக் குழந்தையில்லை; தத்தெடுக்க விண்ணப்பிக்கிறார்கள். விசாரிக்க வரும் நேர்மையான முதியவர் உண்மையைக் கண்டுபிடிக்கிறார். அவனை வெறுப்பதா, அவனுக்காக இரங்குவதா என்று அவருக்கே புரியவில்லை. திருமணத்தின் முறியாத பிணைப்பை நம்பும் நமக்கு அவன் செய்தது பாவமென்பதில் ஐயமில்லை. படமும் அவனை நியாயப்படுத்தவில்லை. ஒரு பொய் மூன்று உயிர்களை எவ்வாறு வதைக்கிறது என்பதையே அது காட்டுகிறது.

இந்தப் படத்தின் கதையைத் திரைக்கு எழுதியவர் காலியர் யங். அதற்குள் ஐடாவுக்கும் அவருக்கும் மணமுறிவு ஏற்பட்டிருந்தது. முதல் மனைவியாக நடித்த ஜோன் ஃபான்டேனோ அப்போது யங்கின் மனைவி. ஐடாவின் இல்லற வாழ்வை முன்மாதிரியாக நாம் எடுத்துக்காட்டவில்லை. நடிகர் லூயி ஹேவர்டு, காலியர் யங், நடிகர் ஹவர்டு டஃப் ஆகிய மூவரையும் அடுத்தடுத்து மணந்தார், மூன்றும் முறிந்தன. டஃப்போடு வாழ்ந்தபோது 1952-இல் பிரிட்ஜெட் என்னும் ஒரே மகள் பிறந்தாள். குடும்பங்கள் உடைவதன் வலியை இத்துணை நுட்பமாகத் திரையில் காட்டியவர், அந்த வலியை வெளியிலிருந்து பார்த்தவர் அல்லர்.

கம்பெனியும் நிலைக்கவில்லை. படங்களைத் தாங்களே விநியோகம் செய்யத் துணிந்தது பெரும் தவறாயிற்று. அந்த முடிவை ஐடா எதிர்த்தார். அவருடைய சொல் எடுபடவில்லை. 1955-ஆம் ஆண்டளவில் கம்பெனி மூடப்பட்டது. வேறொருவர் சோர்ந்து படுத்திருப்பார். ஐடா தொலைக்காட்சிக்குச் சென்றார். துப்பாக்கிக் கதையானாலும் திகில் கதையானாலும் நகைச்சுவையானாலும் கொடுத்த வேலையைக் குறித்த காலத்தில் முடித்தார். ‘தி ட்விலைட் ஸோன்’ என்னும் புகழ்பெற்ற தொடரில் 1959-இல் நடித்தார். 1964-இல் அதன் ஒரு பகுதியை இயக்கினார். அந்தத் தொடரின் பகுதி ஒன்றை இயக்கிய ஒரே பெண் அவரே.

கன்னியர் மடத்துக்குள் காமிரா

திரையரங்குப் படத்தை இயக்கும் வாய்ப்பு 13 ஆண்டுகள் கழித்தே மீண்டும் கிட்டியது. 1966-இல் வெளிவந்த அந்தப் படம் ‘தி ட்ரபிள் வித் ஏஞ்சல்ஸ்’. நம் வாசகர்களுக்கு மிகவும் நெருக்கமான பொருள் அதில் உண்டு. ஜேன் ட்ரேஹி என்னும் எழுத்தாளர் எழுதிய, கன்னியர் நடத்தும் பள்ளியைப் பற்றிய நூலிலிருந்து பிறந்த கதை அது.

புனித பிரான்சிஸ் பெயரில் அமைந்த விடுதிப் பள்ளிக்கு மேரி, ரேச்சல் என்னும் இரு குறும்புக்காரச் சிறுமியர் வந்து சேர்கிறார்கள். மேரியாக நடித்தவர் இங்கிலாந்தின் புகழ்பெற்ற இளம் நடிகை ஹேலி மில்ஸ். மடத்துத் தலைமைச் சகோதரியாக நடித்தவர் ரோசலிண்டு ரஸல். கன்னியரின் சர்க்கரைக் கிண்ணத்தில் நுரைப்பொடியைக் கலப்பது, மாணவியர் நுழையக்கூடாத மடத்துப் பகுதியைக் காசு வாங்கிக்கொண்டு தோழியருக்குச் சுற்றிக்காட்டுவது, நிலவறையில் ஒளிந்து சுருட்டுப் பிடித்துப் புகைமண்டலம் எழுப்புவது என்று சிறுமியரின் சேட்டைகள் நம்மைச் சிரிக்கவைக்கின்றன. கன்னியர் மடத்துப் பள்ளியில் பயின்ற எவரும் தம் பள்ளி நாள்களை நினையாமல் இருக்க முடியாது.

ஆனால் சிரிப்பினூடே வேறொன்று மெல்ல நிகழ்கிறது. மேரி தாய் தந்தையற்றவள். அவளை யாரும் உட்காரவைத்து உபதேசம் செய்வதில்லை. அவள் பார்க்கிறாள், அவ்வளவே. கிறிஸ்து பிறப்பு விழாவுக்கு வந்த முதியோரில், பிள்ளைகள் எட்டிப் பாராததால் அழும் ஒரு மூதாட்டியைத் தலைமைச் சகோதரி தேற்றுவதைப் பார்க்கிறாள். கண்டிப்பே உருவான அதே சகோதரி, உடன்வாழ்ந்த கன்னிகை ஒருவர் இறந்தபோது, யாருமில்லை என்று எண்ணிச் சவப்பெட்டியருகே தனியே அழுவதைப் பார்க்கிறாள். தையல் வராத ரேச்சலின் உடையைச் சகோதரி தம் கையாலே திருத்தித் தைப்பதையும், உலகில் வேறு வாழ்வு வாழக்கூடிய திறமை அவருக்கு இருந்தது என்பதையும் அறிகிறாள். இறுதியில், பள்ளிப் படிப்பு முடியும் நாளில், எல்லோரும் வியக்க, அந்தக் குறும்புக்காரியே கன்னியர் சபையில் சேர முடிவுசெய்கிறாள். தோழி ரேச்சல் அதைத் தாங்காமல் சினந்து பின் தேறுவதையும் படம் மறைக்கவில்லை.

இறையழைத்தலைப் பற்றி எத்தனையோ மறையுரைகளை நாம் கேட்டிருக்கிறோம். வானத்திலிருந்து குரல் வருவதாகவே பிள்ளைகள் எண்ணிக்கொள்கிறார்கள். இந்தப் படத்திலோ அழைப்பு ஒரு சவப்பெட்டியின் அருகில், ஒரு மூதாட்டியின் கண்ணீரில், ஊசியும் நூலும் பிடித்த ஒரு கையில் வருகிறது. கன்னியரைத் தேவதைகளாகவோ கொடுமைக்காரராகவோ காட்டாமல், களைத்தும் கலங்கியும் நகைத்தும் வாழும் பெண்களாகக் காட்டியதே ஐடாவின் சிறப்பு. பெண்கள் மட்டுமே நிறைந்த அந்த உலகை, ஆண்கள் மண்டபத்தில் தனியே அமர்ந்திருந்த ஒரு பெண் இத்தனை கனிவோடு வரைந்தார். படம் பெற்ற வரவேற்பால் 1968-இல் அதன் தொடர்ச்சியும் வெளிவந்தது; அதை இயக்கியவர் வேறொருவர். ஐடா இயக்கிய கடைசித் திரையரங்குப் படம் கன்னியர் மடத்துக் கதையாகவே அமைந்துவிட்டது.

மறதியும் நினைவும்

1972-இல் ‘ஜூனியர் பானர்’ படத்தில் நடிகர் ஸ்டீவ் மக்குவீனின் தாயாக நடித்தார். உண்மையில் மகனைவிடத் தாய்க்கு 12 வயதே அதிகம்! 1970களின் இறுதியில் நடிப்பையும் நிறுத்திக்கொண்டு ஒதுங்கி வாழ்ந்தார். 1995-ஆம் ஆண்டு ஆகஸ்டு 3-ஆம் நாள் லாஸ் ஏஞ்சலிஸில் தமது 77-ஆம் வயதில் காலமானார். அவர் இயக்கிய படங்களின் அருமையை உலகம் முழுமையாக உணர்ந்தது அவருக்குப் பின்னரே.

இன்று இங்கிலாந்து நடிகையர் பலர் எழுதவும் இயக்கவும் முன்வந்திருக்கிறார்கள். குழந்தைகள் காப்பகத்தில் தாம் கழித்த நாள்களின் நினைவோடு நடிகை சமந்தா மார்ட்டன் 2009-இல் ‘தி அன்லவ்டு’ படத்தை இயக்கினார். ஐடா ‘அவுட்ரேஜ்’ படத்தில் தொட்ட அதே கொடுமையைக் கதைப்பொருளாக்கி எமரால்டு ஃபென்னெல் எழுதி இயக்கிய படம், 2021-இல் சிறந்த மூலத் திரைக்கதைக்கான ஆஸ்கார் விருதைப் பெற்றது. ஐடாவின் காலத்தில் பெயர் சொல்லவும் இயலாதிருந்த துயரத்தை இன்று உரக்கச் சொல்ல முடிகிறது. ஆயினும் உரக்கச் சொல்வதும் இரக்கத்தோடு சொல்வதும் ஒன்றல்ல என்பதை ஐடாவின் படங்கள் நமக்கு நினைவூட்டுகின்றன.

ஐடா எடுத்தவை பெரும்பாலும் சிறு படங்கள். பணமும் குறைவு, நாள்களும் குறைவு. ஆனால் அவற்றின் நடுவே எப்போதும் ஒருவர் திகைத்து நிற்கிறார்: கைவிடப்பட்ட பெண், முடங்கிய நடனக்காரி, வீடு திரும்ப அஞ்சும் மகள், தாய் தந்தையற்ற சிறுமி. அவர்களைக் கண்டு ஐடா முகம் திருப்பவில்லை.

அப்படிப்பட்டவர்கள் நம் தெருவிலும் இருக்கிறார்கள். சில வேளைகளில் நம் வீட்டிலேயே இருக்கிறார்கள். அவர்கள் ஆலயத்துக்கு வரும்போது நம் பேச்சு திடீரென்று நின்றுபோகிறதா? அடுத்த ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வெளியே வரும்போது, பிறர் பேசத் தயங்கும் ஒருவரிடம் சென்று, நலமா என்று நாம் கேட்டால் போதும்.